முறத்தில் பிரியும் சொற்கள்

பொருள்கள் சிதைவதைக் குறிக்கத் தமிழில் ஒரே பொதுச் சொல் போதுமானதாக இருந்ததில்லை; கண்ணாடி உடைகிறது, கிளை முறிகிறது, துணி கிழிகிறது, கயிறு அறுகிறது, அப்பளம் நொறுங்குகிறது என்று, பொருளின் தன்மைக்கேற்ப வினை மாறுகிறது. கயிறு முறிந்தது என்றோ கிளை கிழிந்தது என்றோ எவரும் சொல்வதில்லை. தானாக நிகழ்ந்ததா, ஒருவர் செய்ததா என்பதையும் உடைந்தது, உடைத்தது என ஒரே எழுத்தின் மாற்றம் காட்டிவிடுகிறது. முன்னதைத் தன்வினை என்றும் பின்னதைப் பிறவினை என்றும் இலக்கணம் வகுக்கும்.

சிதறச் செய்வதிலும் இதே நுட்பம் உண்டு. வாசலில் நீர் தெளிக்கிறார்கள், மலர் தூவுகிறார்கள், வயலுக்கு நீர் இறைக்கிறார்கள். கைதவறிப் போனால் மட்டுமே பால் சிந்துகிறது.

ஆயினும் இச்சொற்களின் செழுமையை முழுதாகக் காணவேண்டிய இடம் நெற்களமும் முறமுமே ஆகும். அடித்த நெல்லை உயரத் தூக்கிக் காற்றில் மெல்லச் சரியவிட, மணி காலடியில் குவிய, பதர் எனப்படும் உள்ளீடற்ற நெல் அப்பால் பறந்துவிழும், இதுவே தூற்றுதல். ஒருவரைப் பற்றிப் பழி பரப்புவதையும் தூற்றுதல் என்றே சொல்வது, காற்றில் பரவும் அந்தப் பதரை நினைவூட்டுகிறது. தென்மாவட்டங்களிலும் ஈழத்திலும் சுளகு எனப்படும் முறத்தை மேலும் கீழுமாக வீசி உமியை வெளியேற்றுவது புடைத்தல். பக்கவாட்டில் அசைத்துக் கல்லை ஒதுக்குவது கொழித்தல். மெல்லத் தட்டி நொய்யையும் மாவையும் தனியாக்குவது தெள்ளுதல். வட்டாரந்தோறும் இப்பொருள்கள் சற்றே வேறுபட்டாலும், மணிக்கட்டின் ஒவ்வோர் அசைவுக்கும் தனிப்பெயர் வைத்த கூர்மை எங்கும் ஒன்றே. முறத்துக்கு வெளியிலும் இச்சொற்கள் ஒலிக்கின்றன: கலங்கலற்றதைத் தெள்ளிய என்கிறோம். ஆறு மணல் கொழிப்பதையும் வீட்டில் செல்வம் கொழிப்பதையும் ஒரே வினையால் சொல்கிறோம்.

அறுவடை இயந்திரம் வயலிலேயே மணியையும் பதரையும் பிரித்துவிட, கல் நீக்கிய அரிசி பையில் வந்து சேர, முறத்தின் வேலை குறைந்தது. அதனோடு இவ்வினைகளின் புழக்கமும் தேய்ந்துவருகிறது. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி அவற்றின் பொருளைக் காத்துவைத்திருந்தாலும், புடைத்தலும் கொழித்தலும் கையசைவில் எங்கே பிரிகின்றன என்பதை முறம் பிடித்தவரே காட்ட முடியும். வீட்டில் அத்தகைய மூத்தவர் இருந்தால், ஒரு படி அரிசியை முறத்திலிட்டு அவர் கையில் கொடுத்து, ஒவ்வோர் அசைவின் பெயரையும் கேட்டு எழுதி வையுங்கள்.