பல்லாவரத்தில் தொடங்கும் சென்னை

ஒரு வழிகாட்டி, ஒரு பகல், ஒரே சாலை: தென்புறநகர்க்காரர்கள் தங்கள் ஊரைப் பார்க்க ஒரு வழி

தென்மாவட்டத்துக்காரர்களுக்குப் பெருங்களத்தூர் என்பது பல வருஷமாக அரைத்தூக்கத்தில் காதில் விழுந்த ஒரு குரல். "பெருங்களத்தூர் இறங்கு, பெருங்களத்தூர்!" என்று கண்டக்டர் சத்தம் போட்டால் சென்னை வந்துவிட்டது என்று அர்த்தம். 2023 டிசம்பர் 30-ம் தேதி கிளாம்பாக்கம் பேருந்து முனையம் திறந்த பிறகு அந்தக் குரல் கொஞ்சம் தெற்கே நகர்ந்துவிட்டது. ஆனால், இங்கே இறங்கிக் குடியேறியவர்களுக்கும் சென்னைக்குமான உறவு அப்படியேதான் இருக்கிறது. வேலைக்குப் போவோம், ஆஸ்பத்திரிக்குப் போவோம், கல்யாணப் புடவை எடுக்கத் தி.நகர் போவோம், இருட்டியபின் திரும்புவோம். ஊரிலிருந்து சொந்தக்காரர்கள் வந்து "சென்னையைச் சுத்திக் காட்டு" என்றால் வண்டலூர் உயிரியல் பூங்கா, மெரினா, ஒரு மால் என்று மூன்று இடங்களோடு நமக்குத் தெரிந்த பட்டியல் முடிந்துவிடும்.

கோடை விடுமுறைக்கு அம்பாசமுத்திரத்திலிருந்து மாமாவும் அத்தையும் வந்தபோது வேறு ஒன்று செய்து பார்த்தோம். ஒரு காரும், சென்னை வரலாறு தெரிந்த ஒரு வழிகாட்டியும் ஒரு நாளைக்கு. வெளிநாட்டுப் பயணிகளுக்கான சங்கதி என்று நாம் ஒதுக்கி வைத்திருக்கும் ஏற்பாடு இது. உண்மையில் நமக்குத்தான் அதிகம் தேவை என்று அந்த நாள் முடிந்தபோது எனக்குத் தோன்றியது. அதைவிட முக்கியமாக, நகரத்தின் விளிம்பில் குடியிருக்கிறோம் என்ற எங்கள் நினைப்பையே அது மாற்றிவிட்டது.

தெற்கிலிருந்து வடக்கே

"முதலில் கோட்டைக்குத்தானே?" என்று கேட்டேன். "இல்லீங்க, முதலில் பல்லாவரம்" என்றார் எங்கள் வழிகாட்டியான இளம்பெண். நாங்கள் தினமும் மூக்கைப் பிடித்துக்கொண்டு கடக்கும் தோல் ஷாப் பல்லாவரம், வெள்ளிக்கிழமைச் சந்தைப் பல்லாவரம். அங்கே பார்க்க என்ன இருக்கிறது?

1863 மே 30. இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையைச் சேர்ந்த ராபர்ட் புரூஸ் ஃபூட், பல்லாவரம் ராணுவ அணிவகுப்பு மைதானத்தை ஒட்டிய ஒரு சரளைக்கல் குழியில் மனிதக் கை செதுக்கிய கல் ஒன்றை எடுத்தார். இந்தியாவில் பழைய கற்கால மனிதன் வாழ்ந்தான் என்பதற்கு முதல் சான்றாக அடையாளம் காணப்பட்டது அந்தக் கல்தான். அதே ஆண்டில் திருவள்ளூர்ப் பக்கம் அத்திரம்பாக்கத்திலும் கற்கருவிகள் கிடைத்தன. அங்கே பின்னாளில் நடந்த ஆய்வுகள், அந்தக் கருவிகளில் சில சுமார் 15 லட்சம் ஆண்டு பழையவை என்று காட்டியிருக்கின்றன. ஃபூட் சேர்த்த கற்கருவிகளை 1904-ல் சென்னை அருங்காட்சியகம் வாங்கியது. அதே பல்லாவரத்தில் 1888-ல் அலெக்சாண்டர் ரீ என்ற தொல்லியலாளர், கால்கள் வைத்த சுடுமண் ஈமப்பேழை ஒன்றைக் கண்டெடுத்தார். இதையெல்லாம் சொல்ல அங்கே எங்கள் கண்ணில் ஒரு பலகையும் படவில்லை. மாமா சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, "ஏம்மா, நீ சொல்லாட்டி எங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றார். "அதுக்குத்தான் ஐயா நான் வந்திருக்கேன்" என்றார் அவர்.

அங்கிருந்து குன்றுச் சரிவுக்குப் போனோம். முதலாம் மகேந்திரவர்மன் ஏழாம் நூற்றாண்டில் குடைந்த குடைவரை அங்கே இருக்கிறது. மன்னனின் பட்டப்பெயர்கள் கல்லில் வரிசையாக வெட்டப்பட்டிருக்கின்றன. நெடுங்காலமாக அது தர்காவாக வழிபாட்டில் இருப்பதால், காலணியைக் கழற்றி, தலையை மூடிக்கொண்டு உள்ளே போகச் சொன்னார். சுவரில் கைபடாமல் தூண்களை எப்படிப் பார்ப்பது, அங்கே உட்கார்ந்து ஓதுபவர்களுக்கு எப்படி வழிவிடுவது என்பதையும் மெதுவாகச் சொல்லிக் கொடுத்தார். பல்லவ மன்னன் குடைந்த பாறையில் இன்று ஊதுவத்தி மணக்கிறது. இரண்டையும் சேர்த்து மதிக்கத் தெரிந்தவரோடு போனதால்தான் அந்த இடத்தை எங்களால் நிதானமாகப் பார்க்க முடிந்தது.

நூறு அடிச் சங்கிலி

பரங்கிமலையில் வழிகாட்டிகளின் தரம் தெரிந்துவிடும். கி.பி. 72-ல் புனித தோமா இங்கே உயிர்நீத்தார் என்பது கிறிஸ்தவ மரபு. மேலே இருக்கும் தேவாலயம் போர்த்துகீசியர் காலத்தது. 1547-ல் அஸ்திவாரம் தோண்டியபோது கிடைத்த கற்சிலுவையைச் சுற்றிப் பாரசீகத்தின் பழைய பஹ்லவி எழுத்து ஓடுகிறது. போர்த்துகீசியர் வருவதற்குப் பல நூற்றாண்டு முன்பே பாரசீகத் தொடர்புடைய கிறிஸ்தவர்கள் இந்தக் கரையில் இருந்தார்கள் என்பதற்கு அது சாட்சி. எது நம்பிக்கை, எது ஆவணம், எது கல் சொல்லும் சேதி என்று மூன்றையும் கலக்காமல், எதையும் தாழ்த்தாமல் அவர் சொன்ன விதம் அத்தைக்கு ரொம்பப் பிடித்துவிட்டது.

மலை உச்சியில் வில்லியம் லாம்டனின் மார்பளவுச் சிலை இருக்கிறது. பெரும்பாலானவர்கள் அதைத் தாண்டிப் போய் விமானம் இறங்குவதைப் பார்க்கிறார்கள். 1802 ஏப்ரல் 10-ம் தேதி லாம்டன் இந்த மலைப்பக்கமிருந்து தெற்கே பெரும்பாக்கத்துக் குன்று வரை சுமார் ஏழரை மைல் நிலத்தை அளக்கத் தொடங்கினார். கருவி, நூறு அடி நீள எஃகுச் சங்கிலி. வெயிலில் எஃகு நீண்டால் கணக்கு கெடும் என்பதால் அதை மரப்பெட்டிகளில் கிடத்தி, வெப்பநிலையைக் குறித்துக்கொண்டு, அடி அடியாக நகர்த்தினார்கள். 57 நாள் ஆனது. அந்த ஒரு கோட்டை அடிப்படையாக வைத்துக்கொண்டு முக்கோணம் முக்கோணமாக அளந்து நாடு முழுக்கப் போனார்கள். அந்த அளவைப் பணி வளர்ந்து இமயமலை வரை போய்த்தான் எவரெஸ்ட்டின் உயரத்தைக் கணக்கிட்டது.

வழிகாட்டி அச்சிட்ட வரைபடத்தை விரித்து, அந்தக் கோட்டின் மேல் விரலை ஓட்டிக் காட்டினார். இன்று அடுக்குமாடிகளாக நிற்கும் எங்கள் பக்கம்! பெரும்பாக்கத்தில் பிளாட் வாங்கியிருக்கும் என் தம்பிக்கு அங்கிருந்தே போன் போட்டேன்.

பரங்கிமலைக்குப் படி கட்டிக் கொடுத்தவர் கோஜா பெட்ரஸ் உஸ்கான் என்ற ஆர்மீனிய வணிகர். அடையாற்றின் மேல் சைதாப்பேட்டையில் 1726-ல் பாலம் கட்டியவரும் அவர்தான். பாலத்தைப் பராமரிக்கவும் தனியாகப் பணம் வைத்துவிட்டுப் போனார். அந்தப் பாலம் இருந்த இடத்தில் இன்று மறைமலை அடிகள் பாலம் நிற்கிறது. பழைய கல்வெட்டு மட்டும் பாலத்தின் ஓரத்தில், போக்குவரத்து இரைச்சலுக்கு நடுவே இருக்கிறது. வேலைக்குப் போகிற வழியில் எத்தனையோ தடவை அதைக் கடந்திருக்கிறோம். அன்றுதான் காரை ஓரமாக நிறுத்தி, இறங்கிப் பார்த்தோம்.

கடல் விலகிய கதை

மயிலாப்பூரில் நடை சாத்துவதற்குள் தரிசனம் முடித்தோம். பல்லாவரம் குடைவரையின் அதே நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் இங்கே வந்து பாடிய பூம்பாவைத் திருப்பதிகத்தில், ஐப்பசி ஓணம் முதல் பங்குனி உத்திரம் வரை விழாக்கள் வரிசையாக வருகின்றன. மாசிக் கடலாட்டும் அதில் உண்டு. பழைய கபாலீச்சரம் கடலோரத்தில் இருந்தது, போர்த்துகீசியர் காலத்தில் அழிந்தது, இன்றைய கோயில் பிறகு எழுந்தது என்பது பலர் ஏற்றுக்கொண்ட வரலாறு. குளக்கரையில் உட்கார்ந்து இதைக் கேட்டபோது, சாந்தோமுக்கும் மயிலாப்பூருக்கும் நடுவே நாம் சாதாரணமாகக் கடக்கும் தூரத்துக்குள் எவ்வளவு நடந்திருக்கிறது என்று புரிந்தது.

கடற்கரைச் சாலையில் சேப்பாக்கம் அரண்மனை, செனட் ஹவுஸ் எல்லாம் காரிலிருந்தே பார்த்தோம். நின்று பார்த்தது ஐஸ் ஹவுஸ். இன்றைய விவேகானந்தர் இல்லம். அமெரிக்காவின் குளிர்கால ஏரிகளில் வெட்டியெடுத்த பனிக்கட்டியைக் கப்பலில் கொண்டுவந்து சேமிக்க, ஃபிரடெரிக் டியூடரின் நிறுவனம் 1842-ல் கட்டிய கிடங்கு அது. 1897 பிப்ரவரியில் சுவாமி விவேகானந்தர் இங்கே தங்கினார்.

பனிக்கட்டியை இறக்க வசதியாகக் கடலோரத்தில் கட்டிய கிடங்கிலிருந்து கடல் ஏன் இன்று இவ்வளவு தூரத்தில் இருக்கிறது? எங்கள் சின்னவள் கேட்ட கேள்வி இது. நம் கரையோரம் மணல் ஆண்டின் பெரும்பகுதி தெற்கிலிருந்து வடக்கே நகர்ந்துகொண்டே இருக்கிறது. 1870-களில் துறைமுகத்துக்காகக் கடலுக்குள் சுவர் நீட்டத் தொடங்கியதும் மணல் வழிமறிக்கப்பட்டது. தென்பக்கம் மணல் சேர்ந்து சேர்ந்து மெரினா அகலமானது. 1884-ல் கவர்னர் கிராண்ட் டஃப் அதன் ஓரமாக உலாப்பாதை அமைத்து மெரினா என்று பெயரும் வைத்தார். வடபக்கம் மணல் வரத்து நின்றுபோய், ராயபுரம், காசிமேடு பக்கத்துக் கரையைக் கடல் அரித்தது. ஒரு பக்கத்துக்குக் கிடைத்த உலகப்புகழ் கடற்கரைக்கு இன்னொரு பக்கத்து மீனவர் குடும்பங்கள் விலை கொடுத்திருக்கின்றன. மெரினாவில் சுண்டல் சாப்பிடும் ஒவ்வொருவரும் தெரிந்துகொள்ள வேண்டிய கணக்கு இது.

கல்லறைக் கற்கள் பாவிய முற்றம்

கோட்டைக்குள் போக அடையாள அட்டை வேண்டும். தலைமைச் செயலகமும் சட்டமன்றமும் இருக்கும் வளாகம். 1639 ஆகஸ்ட் 22-ம் தேதி நாயக்கர்களிடமிருந்து இடம் வாங்கிய கிழக்கிந்தியக் கம்பெனி, 1644 வாக்கில் கட்டி முடித்த கோட்டை. அதற்குள் 1680-ல் திறக்கப்பட்ட புனித மரியாள் தேவாலயம். அமெரிக்கப் பல்கலைக்கழகத்துக்குப் பெயர் கொடுத்த எலைஹு யேலும், 1753-ல் ராபர்ட் கிளைவும் மணமுடித்த இடம்.

வெளி முற்றத்தில் குனிந்து பார்க்கச் சொன்னார் வழிகாட்டி. தரை முழுக்கக் கல்லறைக் கற்கள். லத்தீன், போர்த்துகீசியம், ஆர்மீனியம் என்று எழுத்து மாறிக்கொண்டே போகிறது. ஆனால், அடியில் யாரும் இல்லை. பழைய இடுகாடு, பின்னாளில் சட்டக் கல்லூரி எழுந்த இடத்தில் இருந்தது. 1758-59 முற்றுகையின்போது பிரெஞ்சுப் படை அந்தக் கல்லறைகளின் பின்னால் மறைந்து நின்று சுட்டது. மறுபடி அப்படி நடக்கக்கூடாது என்று கல்லறைகளை இடித்துவிட்டு, பெயர் பொறித்த கற்களை மட்டும் தேவாலய முற்றத்தில் கொண்டுவந்து பாவினார்கள். சிறு குழந்தை ஒன்றின் கல்லை மிதித்துவிடாமல் அத்தை ஒதுங்கி நடந்தார்.

ஏற்பாடு செய்பவர்களுக்கு

வெள்ளிக்கிழமை வேண்டாம். கோட்டை அருங்காட்சியகத்துக்கும் எழும்பூர் அருங்காட்சியகத்துக்கும் அன்று விடுமுறை. காலை ஆறரைக்கே பல்லாவரத்தில் இருந்தால் வெயிலுக்கு முன் குன்றும் மலையும் முடிந்துவிடும். மாமல்லபுரத்தையும் இதிலேயே சேர்க்க ஆசைப்படாதீர்கள். அதற்குத் தனி நாள் வேண்டும். எழும்பூருக்கும் அப்படியே.

வழிகாட்டியிடம் முன்கூட்டியே பேசுங்கள். வயதானவர்கள், குழந்தைகள் இருப்பதைச் சொல்லுங்கள். கட்டணத்தில் வண்டி, பார்க்கிங், நுழைவுச்சீட்டு, சாப்பாடு எதெல்லாம் சேரும் என்று தெளிவாகக் கேளுங்கள். சுற்றுலாத் துறையின் அடையாள அட்டை இருக்கிறதா என்று கேட்பதில் தவறில்லை. வழியில் கடைகளுக்குக் கூட்டிப்போக வேண்டாம் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். பேசிய தொகையைப் பேரம் பேசிக் குறைக்காதீர்கள். ஒரு மணி நேரம் நம்மிடம் பேச, பல வருஷம் படித்திருக்கிறார்கள்.

கார் கட்டுப்படியாகாதவர்கள் மின்சார ரயிலில் போகலாம். 1931-ல் மின்மயமான கடற்கரை–தாம்பரம் பாதையின் நீட்சியில்தான் நம் பெருங்களத்தூர் ஸ்டேஷன் இருக்கிறது. பல்லாவரம், பரங்கிமலை, சைதாப்பேட்டை, கோட்டை என்று இந்தக் கதையின் முக்கிய இடங்கள் எல்லாம் அதே பாதையில் வரிசையாக வருகின்றன. மயிலாப்பூருக்கும் கடற்கரைக்கும் மட்டும் பஸ்ஸோ ஆட்டோவோ பிடித்தால் போதும்.

நம் பக்கத்துக்கு வழிகாட்டிகள் வேண்டும்

2004-ல் வரலாற்றாளர் எஸ். முத்தையாவும் நண்பர்களும் தொடங்கிய மெட்ராஸ் தினக் கொண்டாட்டம், ஆகஸ்ட் மாதம் முழுக்க மரபு நடைகள் நிகழும் இயக்கமாக வளர்ந்திருக்கிறது. அவற்றில் பெரும்பாலானவை மயிலாப்பூரிலும் ஜார்ஜ் டவுனிலும் நடக்கின்றன. கடல் தாண்டிப் பினாங்கு போகும் தமிழர்கள், 2008-ல் உலகப் பாரம்பரியச் சின்னமான அந்த ஊர் ஜார்ஜ் டவுனில் வழிகாட்டியோடு நடந்து, குயின் தெரு மாரியம்மன் கோயில் கதையைக் கேட்டுவிட்டு வருகிறார்கள். திரிசூலத்துச் சோழர் காலக் கோயிலையும் திருநீர்மலையையும் பற்றி இங்கே நம் பிள்ளைகளுக்கு அப்படிச் சொல்ல ஆள் வேண்டாமா?

செய்ய முடியாத காரியம் இல்லை. 2021-ல் உருவான தாம்பரம் மாநகராட்சிக்குள் பெருங்களத்தூரும் பல்லாவரமும் வந்துவிட்டன. 1937-ல் தாம்பரத்துக்குக் குடிவந்த சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியில் வரலாறு படிக்கும் மாணவர்கள் இருக்கிறார்கள். பல்லாவரத்தில் ஃபூட் கல்லெடுத்த கதையைச் சொல்லும் ஒரு பலகை, சைதாப்பேட்டைக் கல்வெட்டுக்கு ஒரு விளக்கம், ஞாயிற்றுக்கிழமைகளில் தமிழில் ஒரு நடை. தொடக்கத்துக்கு இவ்வளவு போதும்.

சென்னையின் வயதைக் கோட்டையிலிருந்து எண்ணிப் பழகிவிட்டோம். தெற்கிலிருந்து நுழைந்தால் கணக்கு வேறாகிறது. கற்காலம், பல்லவர், பாரசீகத் தொடர்பு, போர்த்துகீசியர், ஆர்மீனியர் என்று எல்லோரையும் கடந்த பிறகுதான் கோட்டை வருகிறது. ஊரிலிருந்து வருபவர்களுக்கு மட்டுமல்ல, இங்கே பிறந்து வளரும் நம் பிள்ளைகளுக்கும் இந்த வரிசையில் ஊரைக் காட்டுங்கள். தாங்கள் குடியிருப்பது சென்னையின் கடைசியில் என்று அவர்கள் நினைக்க வேண்டியதில்லை. அதன் தொடக்கம் நம் பக்கத்தில்தான் இருக்கிறது.