கதையைக் காப்பாற்ற முதலாளி ஆக வேண்டுமா?

ஹிட்லரின் கடைசி நாட்களை பெர்லின் நிலவறைக்குள் நம்மை அடைத்து வைத்துக் காட்டிய படம் ‘டவுன்ஃபால்’ (2004). அதன் திரைக்கதையை எழுதியவரும் தயாரித்தவரும் ஒரே ஆள்தான். 2008-ல் வந்த ‘பாடர் மைன்ஹோஃப் காம்ப்ளெக்ஸ்’ படத்திலும் அதே ஏற்பாடு. இரண்டும் ஆஸ்கர் பரிந்துரை வரை போயின. எழுதியவர் கையிலேயே கல்லாப்பெட்டியும் இருந்தால் ‘இந்தக் காட்சியைத் தூக்கு’ என்று அவரிடம் யார் சொல்வது?

ஜெர்மனியில் திரைக்கதையாசிரியர்கள் தயாரிப்புக்குத் தாவுவதன் காரணம் இதுதான். 1962-ல் ஓபர்ஹௌசன் நகரில் 26 திரைக்கலைஞர்கள் கையெழுத்திட்ட அறிக்கைக்குப் பிறகு, அங்கே இயக்குநரே படத்தின் ஆசிரியர் என்றாகிவிட்டது. எழுத்தையே தொழிலாகக் கொண்டவர் பின்வரிசைக்குப் போனார். அவர் எந்த அளவுக்கு ஓரங்கட்டப்பட்டார் என்பதை 2018-ல் எழுந்த ‘கான்ட்ராக்ட் 18’ இயக்கம் காட்டிக்கொடுத்தது. 200-க்கும் மேற்பட்ட எழுத்தாளர்கள் அதில் சேர்ந்தார்கள். அவர்கள் கேட்டவை என்ன? நடிகர்கள் வசனம் வாசித்துப் பார்க்கும்போது நாங்களும் இருக்க வேண்டும், முதற்கட்டப் படத்தொகுப்பை எங்களுக்கும் காட்ட வேண்டும், விளம்பரத்தில் எங்கள் பெயர் வர வேண்டும். இதையெல்லாம் கேட்டு வாங்க வேண்டிய நிலை!

சரி, தயாரிப்பாளர் ஆகிவிட்டால் நிம்மதியா? எனக்குக் கவலையே இங்கேதான். ஜெர்மன் படத்துக்குப் பணம் ஓரிடத்திலிருந்து வருவதில்லை. மத்திய அரசு நிதி, மாநில நிதி, தொலைக்காட்சிப் பங்கு, விநியோகஸ்தர் முன்பணம் என்று துண்டு துண்டாகச் சேர்க்க வேண்டும். பல மாநிலங்களில், பத்து லட்சம் யூரோ வாங்கினால் பதினைந்து லட்சத்தை அங்கேயே செலவழிக்க வேண்டும் என்பது விதி. ஹாம்பர்க் துறைமுகத்தில் நடக்கும் காட்சியை, பணம் தரும் வேறொரு மாநிலத்துக்காக ரைன் நதிக்கரைக்கு மாற்ற முடியுமா என்று, அதை எழுதியவரே கணக்குப் போட உட்கார வேண்டியதுதான். விண்ணப்பம், குழு நேர்காணல், திருத்திய பட்ஜெட் என்று மாதங்கள் ஓடும். அத்தனையும் எழுத வேண்டிய மாதங்கள்.

பணத்தின் வலி தெரிந்தவர்தான் சிக்கனமாக எழுதுவார் என்று சொல்பவர்களும் உண்டு. இருக்கலாம். ஆனால் நல்ல எழுத்தாளர் ஒருவரைக் கணக்கராக்கித்தான் அந்தச் சிக்கனம் வர வேண்டுமா?

எழுத்தாளர்கள் கேட்பதில் பெரிய செலவு எதுவும் இல்லை. ஒத்திகை அறையில் ஒரு நாற்காலி, போஸ்டரில் ஒரு வரி. ஜெர்மன் தயாரிப்பாளர்கள் அவற்றை ஒப்பந்தத்திலேயே எழுதிக் கொடுக்கட்டும்.