புதிய மாணவரும் புதிய சூழலும்

ஊவா மாகாணத்தில், பதுளை நகருக்கு அணித்தாய் அமைந்துள்ளது ஹாலிஎல. அதனைச் சூழ்ந்த தேயிலைத் தோட்டங்களிலிருந்து பல்கலைக்கழகத்துக்குத் தெரிவாகும் மாணவர் பலர், தம் குடும்பத்திலிருந்து அங்கு செல்லும் முதல்வராவர். வழிகாட்ட முன்சென்ற அண்ணனோ அக்காளோ இலர். அவர்தம் தயக்கத்தின் வேர் இதுவேயாகும்.

இந்நிலைக்குக் காரணம் யாது? இலங்கையில் இலவசக் கல்வி 1945ஆம் ஆண்டு நடைமுறைக்கு வந்தது. பேராதனையில் பல்கலைக்கழகம் 1952இல் குடியேறியது. ஆனால், தோட்டப் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்கும் பணியோ எழுபதுகளின் பிற்பகுதியிலேதான் வேகம் பெற்றது. ஏனையோர்க்கு முன்னரே திறந்த கதவு, மலையகப் பிள்ளைகளுக்கு ஒரு தலைமுறை பிந்தியே திறந்தது.

விடுதி வாழ்வில் முதலில் வருத்துவது தனிமை. லயத்தில் ஒரு வீட்டின் பேச்சு அடுத்த வீட்டுக்குக் கேட்கும். விடுதியிலோ நூற்றுவர் நடுவிலும் பேச ஆளில்லாதது போன்ற உணர்வு தோன்றும். சில வாரங்களில் இது தணியும்; அதற்குள் ஊர் திரும்ப முடிவு செய்தல் அவசரமாகும்.

அடுத்தது மொழி. தமிழிற் பயின்றவர், பல துறைகளில் ஆங்கில விரிவுரைகளை எதிர்கொள்ள நேர்கிறது. இது அறிவின் குறையன்று, பழக்கத்தின் குறை. நாள்தோறும் சில பக்கங்களை அகராதியுடன் படிப்போர்க்கு இத்தடை மெல்ல மெல்லக் கரையும்.

மூன்றாவது பணம். கற்பிப்பதற்குக் கட்டணமில்லை எனினும், உணவுக்கும் நூலுக்கும் பயணத்துக்கும் செலவுண்டு. 1981இல் தொடங்கிய மகாபொல புலமைப்பரிசில் இதற்குத் துணையாகும். ஆயினும் விண்ணப்பித்த அன்றே பணம் கைக்கு வாராது. ஆதலின் முதற் சில மாதங்களுக்கான செலவைக் குடும்பத்தார் முன்கூட்டியே திட்டமிடல் நன்று.

பகிடிவதையைச் சடங்கெனக் கொண்டு பொறுத்தல் வேண்டா. 1998ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கச் சட்டம் அதனைச் சிறைத் தண்டனைக்குரிய குற்றமாக்கியுள்ளது. துன்புறுத்தப்பட்டவர் அஞ்சாது விடுதிப் பொறுப்பாளரிடமும் பெற்றோரிடமும் கூறுதல் வேண்டும்.

இவையனைத்தினும் நுண்ணியது, சொந்த முகவரியைச் சொல்ல நாணுதல். கொழுந்து கொய்து ஈட்டிய கூலியிற் கற்றவர், அதனை மறைத்து வாழ முற்படின், தம் இடர்களையும் மறைக்கத் தொடங்குவர். உதவி தேடும் வழி அங்கேயே அடைபடும்.

படிப்பை இடையில் விட்டு ஒருவர் திரும்பின், அந்த லயத்தின் இளைய பிள்ளைகளும் துணிவிழப்பர். ஆகவே, மேல் வகுப்பிற் பயிலும் மலையக மாணவர், புதியவர் வந்திறங்கும் முதல் வாரத்திலேயே அவர்களைத் தேடிச் சென்று காணுதல் கடனாகும்.