மிகுபுனைவில் காலவினை: ‘குரோனர்ஜி’ மாயக்கலையின் விதிகளும் வரம்புகளும்

முன்னுரை

காலத்தை நிறுத்துதல், திருப்புதல், முன்னறிதல் ஆகியன மிகுபுனைவுப் படைப்புகளில் பயின்றுவரும் கூறுகளாகும். இவற்றையெல்லாம் ‘காலப்பயணம்’ என்னும் ஒரே தலைப்பின்கீழ் அடக்கிவிட்டால், ஒவ்வொரு புனைவும் காலத்தைப் பற்றிக் கொண்டுள்ள தனித்த கருத்து மறைந்துபோகும். ஒரு புனைவுலகில் மாயம் எதனைச் செய்ய வல்லது என்பதைவிட, எதனைச் செய்ய இயலாது என்பதே அவ்வுலகின் காலக் கோட்பாட்டைத் தெளிவாகக் காட்டுகிறது. இக்கருத்தை ‘குரோனர்ஜி’ என்னும் கற்பனை மாயக்கலையின்வழி இக்கட்டுரை விளக்குகிறது.

தோற்றமும் பெயரும்

1974இல் கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னசன் ஆகியோர் உருவாக்கி வெளியிட்ட ‘டஞ்சன்ஸ் அண்டு டிராகன்ஸ்’ என்பது, ஆடுவோர் கதைமாந்தராகப் பங்கேற்று வாய்மொழியாகக் கதை வளர்க்கும் ஆட்டமாகும். ஐயத்திற்கிடமான செயல்களின் முடிவை அதில் பகடை தீர்மானிக்கிறது. இவ்வாட்டத்திற்கென மேத்யூ மெர்சர் தலைமையில் உருவாகி 2020இல் வெளிவந்த ‘எக்ஸ்ப்ளோரர்ஸ் கைடு டு வைல்டுமவுண்ட்’ என்னும் நூல், ‘டூனமன்சி’ என்ற மாயமரபை விரிவாக விதிப்படுத்தியது. அம்மரபின் இரு கிளைகளுள் ஒன்று ஈர்ப்புவிசையை ஆளும் ‘கிராவிடர்ஜி’. மற்றொன்று காலத்தை ஆளும் ‘குரோனர்ஜி’.

‘குரோனோஸ்’ என்னும் கிரேக்கச் சொல் காலத்தையும், ‘எர்கோன்’ என்பது வினையையும் குறிக்கும். எனவே இக்கலையைத் தமிழில் ‘காலவினை’ எனலாம். மரபின் பெயரிலுள்ள ‘டூனமிஸ்’ அரிஸ்டாட்டிலின் மெய்யியலை நினைவூட்டுவது. ஒரு பொருளில் உறைந்துள்ள இயலாற்றலுக்கும், அது நிறைவேறிய நிலைக்கும் அவர் வேறுபாடு கண்டார். ஆலம்விதை மரமாகக்கூடும் என்பது முன்னது; மரமாகி நிற்பது பின்னது. இப்புனைவுலகில் டூனமிஸ் என்பது அத்தகைய நிகழ்தகைமையே ஓர் ஆற்றலாக உருக்கொண்டதாகும். பெயரிலேயே இக்கலையின் அடிப்படை அடங்கியுள்ளது.

ஐந்து ஆற்றல்கள்

காலவினையாளர் படிநிலை உயர உயரப் பெறும் ஆற்றல்கள் ஐந்து.

முதலாவது, நிகழ்ந்த முயற்சியை மறுபடி நிகழச் செய்தல். 30 அடித் தொலைவிற்குள் ஒருவர் மேற்கொண்ட முயற்சி வென்றதா தோற்றதா என அறிந்த பின்னரும், பகடையை மீண்டும் உருட்டச் செய்யலாம். ஆயின் இரண்டாம் முடிவை ஏற்றேயாக வேண்டும். ஒரு நீண்ட ஓய்விற்குள் இருமுறை மட்டுமே இதனைச் செய்யலாம். இரண்டாவது, அறிவுக்கூர்மையால் பிறரினும் முந்திச் செயற்படுதல். இவ்விரண்டும் 2ஆம் படிநிலையில் வாய்க்கின்றன.

6ஆம் படிநிலையில் கிடைப்பது, ஓர் உயிரைச் சில நொடிகள் செயலற்று நிற்கச் செய்தல். அவ்வுயிருக்கு ஊறு நேர்ந்தால் அக்கட்டு அறுபடும். 10ஆம் படிநிலையில், ஒரு மந்திரத்தை முழுமையுறும் முன்பே உறையவைத்துச் சிறு மணியாக்கி, ஒரு மணி நேரம்வரை பிறர் பயன்படுத்துமாறு கையளிக்கலாம்.

14ஆம் படிநிலையில் வருவது இறுதியான ஆற்றல். பகடையின் முடிவைப் புறந்தள்ளி, முயற்சி வெல்லுமா வீழுமா என்பதைக் காலவினையாளரே முடிவுசெய்வார். ஆயின் ஒவ்வொரு முறையும் ஒரு படி சோர்வு அவரைச் சேரும். நீண்ட ஓய்வாலன்றி அது நீங்காது. 2014ஆம் ஆண்டு விதிகளின்படி ஆறாம் படிச் சோர்வு இறப்பாகும். ஆக, ஓய்வின்றி ஆறுமுறை எதிர்காலத்தை ஆணையிடுபவர் தம் எதிர்காலத்தையே இழக்கிறார்.

வரம்புகள் உணர்த்துவன

இவ்வைந்தனுள் எதுவும் காலவினையாளரை நேற்றைய நாளுக்கு அழைத்துச் செல்வதில்லை. நெடுநாள் முன் நிகழ்ந்த இறப்பையோ போரையோ இவற்றால் மாற்ற இயலாது. முடிவு உறுதிப்படும் அந்தக் கணத்தின் விளிம்பிலேயே இவை செயற்படுகின்றன. எனவே குரோனர்ஜி ஆள்வது கடந்துபோன காலத்தை அன்று. நிகழக்கூடிய பலவற்றுள் ஒன்று நிகழ்வாகும் தருணத்தையே.

ஜே. கே. ரௌலிங்கின் ‘ஹாரி பாட்டர்’ வரிசையில் 1999இல் வெளிவந்த மூன்றாம் நாவலின் காலத்திருப்பியோடு ஒப்பிட்டால் இவ்வேறுபாடு தெளிவாகும். அங்கு மாந்தர் மெய்யாகவே மூன்று மணி நேரம் பின்னோக்கிச் செல்கின்றனர். எனினும் அவர்கள் செய்பவை முன்பே நிகழ்ந்தவற்றின் பகுதியாகவே அமைகின்றன. ஹாரியைக் காத்த உருவம் ஹாரியே எனப் பின்னர்த் தெரியவருகிறது. அங்குக் காலம் மூடிய வளையம். குரோனர்ஜியிலோ திறந்த கிளை. முன்னதில் மாந்தர் காலத்தினுள் பயணம் செய்தும் எதனையும் மாற்றுவதில்லை. பின்னதில் பயணமே இன்றி முடிவை மாற்றுகின்றனர்.

இலக்கண நோக்கு

நிகழாததை நிகழ்ந்ததாகக் கூறும் வழக்கைத் தொல்காப்பியம் வினையியலில் கால மயக்கமாகக் கருதுகிறது. விரைவு, மிகுதி, தெளிவு, இயல்பு என்பனவற்றை அதற்குரிய காரணங்களாக நன்னூல் வகுக்கும். உண்டு முடியாதவர், அழைப்பவரிடம் ‘உண்டேன், வந்தேன்’ என்பது விரைவு பற்றியது. எறும்பு முட்டையோடு மேட்டில் ஏறக் கண்டு, பெய்யாத மழையைப் ‘பெய்தது’ என்பது தெளிவு பற்றியது. இங்கு மயங்குவது சொல்லின் காலமே. மழையின் காலம் அன்று. குரோனர்ஜியின் இறுதி ஆற்றலில் இந்நிலை தலைகீழாகிறது. ‘வென்றது’ எனச் சொன்னமையாலேயே வெற்றி நிகழ்கிறது. வழக்கில் உறுதிப்பாடு சொல்லுக்கு முன் நிற்கிறது. மாயத்தில் சொல்லே உறுதிப்பாட்டைப் படைக்கிறது. மாயச்சொல்லைச் செய்திச்சொல்லினின்று பிரித்தறிய இவ்வேறுபாடு துணைசெய்யும்.

முடிவுரை

குரோனர்ஜி எண்ணிக்கை, தொலைவு, சோர்வு என்னும் மூன்று வேலிகளுக்குள் இயங்குகிறது. அவ்வேலிகள் அகற்றப்பட்டால் மாந்தரின் எந்தத் தேர்விற்கும் பொருளிராது, எந்த இழப்பும் நிலைக்காது, கதையும் நிகழாது. எனவே தமிழில் எழுதப்படும் மிகுபுனைவுகளில் கால மாயத்தை ஆராய முற்படுவோர், அது காலத்தின் எக்கூற்றைத் தொடுகிறது, எங்கு நின்றுவிடுகிறது, அதற்குரிய விலையை யார் செலுத்துகின்றனர் என்னும் மூன்று வினாக்களிலிருந்து தொடங்குவது பயன்தரும்.