பார் வாழ்ந்தால் பாட்டு வாழும்

ஆறுமுகநேரி உப்பளங்களுக்கும் காயல்பட்டினக் கரைக்கும் அண்டையிலுள்ள சாகுபுரத்தில் நின்றுகொண்டு, கலையென்பது இயற்கையைத் தூரத்திலிருந்து பார்த்து மனிதன் தீட்டிய பிரதிபிம்பமே என்று எவரேனும் சொல்வாராயின், அந்த அபிப்பிராயத்தை இக்கரையின் சரித்திரமே மறுத்துவிடும்.

தாமிரபரணி கொணர்ந்த வண்டல் நிரம்பியதால் இன்று கடலை விட்டு உள்ளே ஒதுங்கிவிட்ட கொற்கையில், அகழ்வாராய்ச்சி செய்தவர்கள் சங்கறுத்த கழிவுகளைக் கண்டெடுத்தார்கள். மன்னார் வளைகுடாச் சங்கு வங்காளத்துக்குப் போய், அறுபட்டு, செதுக்கப்பட்டு, அங்குள்ள சுமங்கலிகளின் கைவளையாக மங்கலம் பெறுவதும் அப்பழந்தொழிலின் வழிவந்ததே. வளையின் அகலம் எவ்வளவு, சித்திர வேலையின் ஆழம் எவ்வளவு என்பதையெல்லாம் கலைஞனின் கற்பனைக்கு முன்பாகவே அந்தப் பிராணியின் ஓடு நிர்ணயித்துவிடுகிறது.

வலை இழுக்கையில் மீனவர் பாடிய அம்பாப் பாட்டோ, பலருடைய கைகள் ஒரே கணத்தில் இழுப்பதற்கென்றே பிறந்தது. ஆதலால் இயந்திரம் வந்து இழுக்கத் தொடங்கியதும் அதற்கு ஜீவாதாரமே இல்லாமற்போயிற்று. காலில் கல்லைக் கட்டி, மூச்சடக்கி, கடலடிப் பாறைத்திட்டாகிய பாரில் இறங்கிச் சிப்பி அள்ளிய முத்துச் சலாபமும் தூத்துக்குடிக் கரையில் 1961-உடன் ஓய்ந்தது.

1973-இல் இதே தூத்துக்குடியில் விஞ்ஞானிகள் முத்தை வளர்த்தே காட்டிவிட்டார்கள், பாட்டையும் ஒலிப்பதிவு செய்து காத்துவிடலாம் என்று ஆறுதல் கூறுவோர் உண்டு, அம்முயற்சிகள் போற்றத்தக்கவையே. ஆயினும் தொழிலும் கடலும் விலகிப்போன பின் எஞ்சும் பாட்டு, மேடையில் கைதட்டல் பெறுமேயன்றிப் புதிதாக ஓர் அடியேனும் ஈன்றெடுக்குமா?

என்னை வருத்தும் சிந்தனை இதுவே. 1986-இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளுள் பூவரசன்பட்டியும் விலாங்குசல்லியும் நீரில் மூழ்கிவிட்டன. சுண்ணாம்புக்காகப் பவளப்பாறைகளை வெட்டியெடுத்த பேராசைக்கு அந்த நாசத்தில் பங்குண்டு. பாறை போனால் மீன் போகும், மீன் போனால் வலை போகும், வலையோடு அதன் பாட்டும் போகும். அதன்பின் அருங்காட்சியகம் கட்டி என்ன பிரயோஜனம்?

ஆகவே கலையைக் காக்க விரும்பும் சபைகள், விழாவுக்குச் செலவிடும் பொருளில் ஒரு பங்கையேனும் பவளப்பாறையின் மீட்சிக்கு அளிக்கட்டும். இக்கரைப் பள்ளிகள் தம் பிள்ளைகளைச் சங்கு குளிக்கும் பெரியவர்களிடம் அழைத்துச் சென்று, கடலை அவர்கள் வாய்மொழியாகவே பாடம் கேட்கச் செய்யட்டும்.