கதையே இல்லாமல் 5 மணி நேரப் படமா? கேமராவில் டைரி எழுதிய ஜோனாஸ் மேகஸ் யார்?

ஹீரோ இல்லை, வில்லன் இல்லை, இன்டர்வெல் ட்விஸ்ட்டும் இல்லை. குழந்தை நடை பழகுவது, பூனை தூங்குவது, தெருவில் பனி கொட்டுவது... அவ்வளவுதான் படம். ஓடும் நேரமோ கிட்டத்தட்ட 5 மணி நேரம்!

2000-ல் இந்தப் படத்தைத் தந்தவர் ஜோனாஸ் மேகஸ். 'டைரி சினிமா' என்றாலே முதலில் சொல்லப்படும் பெயர்களில் ஒன்று இவருடையது.

யார் இவர்?

1922-ல் லிதுவேனியாவில் ஒரு விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போர் நேரத்தில், 1944-ல் தம்பி அடோல்ஃபாஸுடன் ஊரைவிட்டுக் கிளம்பினார். வழியில் ஜெர்மானியர்களிடம் சிக்க, ஹாம்பர்க் அருகே கட்டாய உழைப்பு முகாம். போர் முடிந்ததும் அகதி முகாம்கள். 1949-ல் இருவரும் நியூயார்க் வந்து சேர்ந்தார்கள். சொந்த ஊர் சோவியத் பிடியில் இருந்ததால் திரும்பிப் போக வழியில்லை.

வந்த சில வாரங்களிலேயே கடன் வாங்கி ஒரு 16 எம்.எம். போலெக்ஸ் கேமரா வாங்கினார் மேகஸ்.

எப்படி எடுத்தார்?

ஸ்கிரிப்ட் கிடையாது. அது சாவி கொடுத்து ஓட்டும் கேமரா. ஒரு முறை முடுக்கினால் அரை நிமிஷம்கூட முழுசா ஓடாது. அதனால் எல்லாமே துண்டு துண்டான காட்சிகள். பெரிய படம் எடுக்க நேரம் கிடைக்கும்வரை கை பழகட்டும் என்றுதான் எடுத்துக்கொண்டிருந்தார். அந்தப் பயிற்சித் துண்டுகளே தன் படம் என்பது பிறகுதான் அவருக்குப் புரிந்தது. அவற்றைக் கோர்த்து, தன் குரலையும் சேர்த்து, 1969-ல் 'வால்டன்' படத்தை வெளியிட்டார்.

இதில் அப்படி என்ன இருக்கு?

1971-ல், 27 வருஷம் கழித்து, சொந்த ஊருக்குப் போனார். அதுவும் படமானது. அம்மா வெளியே அடுப்பு மூட்டிச் சமைக்கிறார். சகோதரர்கள் பாடுகிறார்கள். பார்க்க சாதாரணம்தான். ஆனால் 27 வருஷமா அவர் இழந்தது இதைத்தானே!

சர்ச்சை என்ன?

போர்க்காலத்தில் மேகஸ் வேலை பார்த்த பத்திரிகைகள் நாஜி பிரசாரம் செய்தவை என்று 2018-ல் ஒரு வரலாற்றாய்வாளர் கேள்வி எழுப்பினார். அந்தக் காலத்தைப் பற்றி மேகஸ் சொன்ன நினைவுகள் விவாதத்துக்கு உள்ளாயின. டைரியும் எல்லாவற்றையும் சொல்லிவிடாது என்பதற்கு இதுவும் ஓர் உதாரணம்.

இன்றைய விலாகுக்கு முன்னோடியா?

ஒரு வகையில் ஆமாம். 2007-ல், 84 வயதில், தினம் ஒரு வீடியோ என 365 நாளும் இணையத்தில் வெளியிட்டார். ஆனால் வியூஸுக்காக அவர் வாழ்க்கையை அலங்கரிக்கவில்லை. 2019-ல் 96 வயதில் காலமானார்.

உங்க போன் கேலரியிலும் அம்மா சமைக்கிற 10 செகண்ட் வீடியோ ஒன்று இருக்கலாம். ஸ்டோரேஜ் ஃபுல் என்று அழிப்பதற்கு முன், ஒரு தடவை யோசிங்க.