சதுப்பு நிலத்தில் விளக்கேற்றுவது யார்?

1954-இல் வந்த டோல்கீனின் ‘இரண்டு கோபுரங்கள்’ நாவலில் ஃப்ரோடோவும் சாமும் கொல்லம் என்ற வழிகாட்டியின் பின்னால் பிணச் சதுப்பைக் கடக்கிறார்கள். நீருக்குள் இறந்தவர்களின் முகங்கள். சுற்றிலும் வெளிறிய சுடர்கள். அவற்றின் பின்னே போகாதீர்கள் என்று கொல்லம் எச்சரிக்கிறான். கொள்ளிவாய்ப் பிசாசைப் பற்றி நம் ஊர்ப் பாட்டிகள் சொன்னதும் இதுதான்.

முகங்கள் கற்பனை, சுடர் அப்படியல்ல. காற்றுப் புகாத சேற்றில் மட்கும் தாவரங்களை நுண்ணுயிர்கள் சிதைக்கும்போது எரியக்கூடிய மீத்தேன் வாயு குமிழிட்டு வெளியேறுகிறது. 1776-இல் இத்தாலியின் மஜ்ஜோரே ஏரிச் சேற்றைக் கிளறி அதைச் சேகரித்தார் இயற்பியலாளர் வோல்டா.

கிட்டப் போனால் சுடர் ஏன் விலகி ஓடுகிறது? பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரஷ்ய மேஜர் லூயி பிளெசன் சதுப்பிலேயே இதைச் சோதித்தார். முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றபோது சுடர் நகரவில்லை. நம் நடையும் மூச்சும் கிளப்பும் காற்றே வாயுவைத் தள்ளிவிடுகிறது! அடுத்து ஒரு காகிதத் துண்டை நீட்டினார், அது கருகியது. ஊரே அஞ்சிய வெளிச்சத்துக்குள் கையை நீட்டிய அந்த மனிதர்மேல் எனக்கு அளவற்ற மரியாதை.

சரி, பற்றவைப்பது எது? மீத்தேன் தானாக எரிய 500 டிகிரி செல்சியஸுக்கு மேல் வெப்பம் வேண்டும். காற்றுப்பட்டதும் தீப்பிடிக்கும் டைபாஸ்பேன் என்ற பாஸ்பரஸ் சேர்மம்தான் காரணம் என்று நெடுங்காலம் கருதினார்கள். 2025-இல் வேதியியலாளர் ரிச்சர்ட் ஜாரே குழுவினர் வேறொன்றைக் காட்டினார்கள்: நீரில் எழும் மீத்தேன் நுண்குமிழிகளில் எதிரெதிர் மின்னூட்டம் சேர்கிறது, அவை நெருங்கும்போது நடுவே நுண்மின்னல் தெறிக்கிறது. மீத்தேன் ஆக்சிஜனுடன் வினைபுரிய அந்தப் பொறியே போதும்.